ஒரு பஞ்சாலைக் குடியிருப்பின் நினைவுகளைப் படமாக்கியபோது: நாடா, பேச்சு, காப்பகம்

மூடிப் பல ஆண்டுகளாகிவிட்ட ஒரு பஞ்சாலையையும் அதைச் சுற்றி வளர்ந்த தொழிலாளர் குடியிருப்பையும் பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்துத் தருமாறு அங்குள்ள ஓய்வுபெற்ற தொழிலாளர்களும் அவர்களுடைய பிள்ளைகளும் கேட்டுக்கொண்டார்கள். எங்கள் சிறு குழு முதலில் உட்கார்ந்து பேசியது படத்தின் நீளத்தைப் பற்றியோ கதைப்போக்கைப் பற்றியோ அன்று. படத்தில் இடம்பெறாமல் போகும் பதிவுகளை என்ன செய்வது என்பதைப் பற்றியே பேசினோம். எந்த ஆவணப்படத்திலும் பதிவு செய்த பேச்சு படத்தின் நீளத்தைப்போலப் பல மடங்கு இருக்கும். தொகுப்பு முடிந்தபின் அந்த மிச்சம் யாரோ ஒருவருடைய வன்தட்டில் பெயரில்லாக் கோப்புகளாகக் கிடந்து, அந்த வன்தட்டு பழுதாகும் நாளில் அதோடு சேர்ந்து அழிந்துவிடுகிறது. ஒரு சமூகத்தின் நினைவைக் காப்பதற்காகத் தொடங்கும் வேலையில் இதைவிடப் பெரிய இழப்பு இருக்க முடியாது. ஆகவே, பேசியவர்களின் முழுப் பேச்சையும் தேடி எடுக்கக்கூடிய பட்டியலோடு காப்பது முதல் வேலை, அதிலிருந்து படம் எடுப்பது இரண்டாம் வேலை என்று வைத்துக்கொண்டோம். மைக்கை எங்கே வைப்பது என்பதிலிருந்து கோப்புக்கு என்ன பெயர் இடுவது என்பது வரை பின்னால் வந்த முடிவுகள் எல்லாமே இந்த வரிசையிலிருந்துதான் பிறந்தன.

புதிதாக ஒரு காட்சியும் எடுப்பதற்கு முன்னால், ஏற்கெனவே இருந்தவற்றைத் திரட்டினோம். வீடுகளின் பரணிலிருந்தும் பழைய தொழிற்சங்க அலுவலகத்தின் பீரோவிலிருந்தும் பழைய வீடியோ கேசட்டுகளான விஎச்எஸ் நாடாக்களும், கைக்கேமராக்களில் பயன்பட்ட சிறிய மினிடிவி நாடாக்களும் வந்தன. ஆலையின் ஆண்டு விழா, திருமணங்கள், ஒரு வேலைநிறுத்தத்தின்போது வாயிலில் நடந்த கூட்டம் ஆகியவை அவற்றில் இருந்தன. காந்த நாடாவைப் பொறுத்தவரை காத்திருக்க நேரமில்லை. நாடா கெடுவதோடு அதை ஓட்டும் கருவியும் மறைந்துவருகிறது. விஎச்எஸ் நாடாவை ஓட்டும் விசிஆர் கருவியைத் தயாரித்துவந்த கடைசி நிறுவனமான ஜப்பானின் ஃபுனாய் 2016 ஜூலையோடு உற்பத்தியை நிறுத்திவிட்டது. காந்த நாடாக்களைப் பெருமளவில் எண்மமாக்குவதற்கான (டிஜிட்டல் கோப்புகளாக மாற்றுவதற்கான) காலம் 2025ஐ ஒட்டி முடிந்துவிடும் என்ற எச்சரிக்கையை யுனெஸ்கோவும் ஒலி, ஒலி-ஒளிக் காப்பகங்களின் பன்னாட்டுச் சங்கமும் 2019இல் ஒரு தனித் திட்டமாகவே முன்வைத்தன. இன்று வேலை செய்யும் விசிஆர் ஒன்று கையில் கிடைத்தால் அதை அரும்பொருளாகவே நடத்த வேண்டும்.

கைக்கு வந்த ஒவ்வொரு நாடாவையும் ஓட்டுவதற்கு முன்னால் வெளிச்சத்தில் பிடித்து, கண்ணாடிச் சாளரம் வழியாகச் சுருளின் விளிம்பைப் பார்த்தோம். அங்கே வெள்ளைப் பொடிபோலத் தெரிந்தால் அது பூஞ்சணம். அத்தகைய நாடாவைக் கருவியில் போடவே கூடாது; அதன் வித்துகள் உருளையில் ஒட்டிக்கொண்டு அடுத்து வரும் நல்ல நாடாக்களுக்கும் பரவும், நாடா அறுந்துபோகவும் வாய்ப்புண்டு. அவற்றைத் தனித்தனிப் பைகளில் மூடி ஒதுக்கிவைத்தோம். மற்றவற்றில் முதலில் செய்த காரியம், தவறுதலாகக்கூட மேலே பதிவாகிவிடாமல் தடுப்பது: விஎச்எஸ் நாடாவில் முதுகுப்புறத்திலுள்ள பிளாஸ்டிக் தாழை உடைத்துவிட வேண்டும், மினிடிவியில் சிறு நகர்வானைப் பாதுகாப்புப் பக்கம் தள்ள வேண்டும். பிறகு ஒருமுறை கடைசிவரை ஓட்டி, முழுவதும் பின்னோக்கிச் சுற்றினோம். பல ஆண்டுகள் ஒரே நிலையில் இருந்த சுருளில் இறுக்கம் சீராக இராது. இப்படிச் சுற்றினால் படம் நடுங்குவது கணிசமாகக் குறைகிறது.

நாடாவிலிருந்து படத்தைப் படிக்கும் தலை, கருவிக்குள் சுழலும் உருளையில் இருக்கிறது. அதைத் துடைப்பதில் ஒரு நுணுக்கம் உண்டு. பஞ்சுக் குச்சியைப் பயன்படுத்தினால் அதன் இழை தலையில் சிக்கிக்கொள்ளும். மான்தோல் துண்டு சுற்றிய குச்சியை ஐசோபுரோபைல் ஆல்கஹாலில் நனைத்து, உருளையின்மேல் அசையாமல் பிடித்துக்கொண்டு, மற்றொரு கையால் உருளையை மெல்லச் சுழற்ற வேண்டும். மேலும் கீழுமாகத் தேய்த்தால் உருளையில் பதிந்திருக்கும் நுண்ணிய படத்தலை உடைந்துவிடும். இதை ஒருவர் நேரில் செய்துகாட்டக் கற்றுக்கொள்வது நல்லது. எழுத்தில் படித்து முதன்முறை செய்பவர் ஏற்கெனவே பழுதான ஒரு கருவியில் பழகிப்பார்க்கலாம்.

விஎச்எஸ் அனலாக் பதிவு என்பதால், வெளியேறும் மின்குறிப்பு கோட்டுக்குக் கோடு நேரம் தவறித் தள்ளாடும். அதை நேராக்கும் டைம் பேஸ் கரெக்டரை நடுவில் வைத்தே கணினிக்குக் கொடுத்தோம். பால் (PAL) எனப்படும் தொலைக்காட்சி முறையில் ஒரு வினாடிக்கு 25 பிரேம்கள், ஒவ்வொரு பிரேமும் ஒன்றுவிட்டொரு கோடுகளைக் கொண்ட இரண்டு ஃபீல்டுகளாகப் பிரிந்திருக்கும். ஆக 50 ஃபீல்டுகள். பதிவாக்கும்போதே இவற்றை ஒன்றாக்கிவிடும் மென்பொருள்களை நாங்கள் தவிர்த்தோம். காப்பகக் கோப்பில் ஃபீல்டுகள் பிரிந்தபடியே இருக்க வேண்டும். இன்றைய கருவிகளைவிடச் சிறப்பாக அவற்றைச் சேர்க்கும் வழி நாளை வரக்கூடும், அப்போது மூலம் கலையாமல் இருந்தால்தான் அது பயன்படும். 720க்கு 576 என்ற அளவில் 8 பிட்டில் அழுத்தாமல் வைத்தால் ஒரு மணி நேரத்துக்கு ஏறத்தாழ 75 ஜிபி ஆகும். ஆகவே இழப்பின்றிச் சுருக்கும் எஃப்எஃப்வி1 (FFV1) முறையில், படத்தையும் ஒலியையும் ஒன்றாக வைத்திருக்கும் மட்ரோஸ்கா என்ற கோப்பு உறைக்குள் வைத்தோம். எஃப்எஃப்வி1 கட்டற்ற முறை, 2021இல் அதன் விவரக்குறிப்பும் இணையப் பொறியியல் பணிக்குழுவின் ஆவணமாக வெளியாகிவிட்டது. எந்த ஒரு நிறுவனத்தின் விருப்பத்தையும் நம்பியிராத வடிவம் என்பதே எங்களுக்கு முதன்மையான காரணம்.

மினிடிவியின் கதை வேறு. அதில் இருப்பதே எண்மத் தரவு. ஃபயர்வயர் என்ற இணைப்புக் கம்பி வழியாக அதை அப்படியே கணினிக்கு நகலெடுக்கலாம், மணிக்குச் சுமார் 13 ஜிபி. மஞ்சள், சிவப்பு, வெள்ளை முனைகள் கொண்ட வீடியோ கம்பியை இணைத்து மறுபதிவு செய்வது எளிதாகத் தோன்றினாலும், அப்படிச் செய்தால் படத்தின் தரம் குறைவதோடு இன்னொரு செல்வமும் தொலைந்துபோகும்: மினிடிவியின் தரவில் ஒவ்வொரு காட்சியும் எடுக்கப்பட்ட நாளும் மணியும் புதைந்திருக்கின்றன. ஆலை வாயில் கூட்டம் எந்த ஆண்டு நடந்தது என்பதில் குடியிருப்பில் பல கருத்துகள் இருந்தன. அந்த நாடாவின் தரவிலிருந்த தேதியும், அதே நாடாவில் தொடர்ந்து வந்த ஒரு திருமணத்தின் அழைப்பிதழில் அச்சாகியிருந்த தேதியும் பொருந்திவந்ததால், கேமராவின் கடிகாரம் சரியாக ஓடியிருக்கிறது என்பது உறுதியானது.

புகைப்படங்களை 600 டிபிஐ (அங்குலத்துக்கு 600 புள்ளிகள்) அளவில் டிஃப் (TIFF) படக்கோப்புகளாக ஸ்கேன் செய்தோம். முன்பக்கத்தோடு பின்பக்கத்தையும் சேர்த்து. ஸ்டூடியோ முத்திரை, பென்சிலால் எழுதிய பெயர், ஆல்பத்தின் கறுப்புத் தாளிலிருந்து கிழிந்து ஒட்டிக்கொண்ட துண்டு ஆகிய எல்லாமே பின்பக்கத்தில்தான் இருக்கின்றன.

இனி நேர்காணல்கள். ஒருவருடைய வீட்டுக்குள் நுழைந்ததும் கேமராவை எடுப்பதற்கு முன்னால் காதைத்தான் பயன்படுத்த வேண்டும். குளிர்பதனப் பெட்டி, மின்விசிறி, சுவர்க் கடிகாரம், அடுத்த வீட்டுத் தொலைக்காட்சி ஆகியவற்றை மனிதக் காது சில நிமிடங்களில் மறந்துவிடும், மைக் மறப்பதில்லை. மங்கலான படத்தைப் பார்ப்பவர் பொறுத்துக்கொள்வார், புரியாத பேச்சைப் பொறுத்துக்கொள்ள மாட்டார். காப்பகத்துக்கோ பேச்சுதான் உயிர். 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் அளவில் வேவ் (WAV) ஒலிக்கோப்பாகப் பதிவு செய்தோம். உச்ச ஒலி மைனஸ் 12 டெசிபலைச் சுற்றி நிற்குமாறு அமைத்துக்கொண்டோம், ஏனெனில் நெடுநேரம் தாழ்ந்த குரலில் பேசுபவர் திடீரென்று வாய்விட்டுச் சிரிப்பார். ஒரு காலர் மைக், கேமராவின் பார்வைக்குச் சற்று மேலே நீண்ட கோலில் பொருத்திய ஒரு பூம் மைக், இரண்டும் தனித்தனித் தடங்களில். புடவையின் பட்டுக்கரை காலர் மைக்கில் உரசும்போது பூம் மைக்கின் தடம் கைகொடுக்கும். ஒவ்வொரு பதிவின் தொடக்கத்திலும் நாள், இடம், பேசுபவர், கேட்பவர் ஆகியோரின் பெயர்களை வாய்விட்டுச் சொன்னோம். கோப்பின் பெயர் மாறிப்போனாலும் குரல் தன்னைத்தானே அடையாளம் காட்டிக்கொள்ளும். முடிவில் எல்லோரும் பேசாமல் அமர்ந்து, அந்த அறையின் ஓசையை மட்டும் ஒரு நிமிடம் பதிவு செய்தோம். தொகுப்பின்போது வெட்டுகளுக்கு இடையே நிரப்ப அந்த ஓசை தேவைப்படும்.

கேள்விகளைப் பொறுத்தவரை, "அந்தக் காலத்தில் வாழ்க்கை எப்படி இருந்தது?" என்று கேட்டால், பலமுறை சொல்லிச் சொல்லி மெருகேறிய ஒரு பதில்தான் வரும். "சங்கு ஊதும்போது வீட்டில் யார் யார் விழித்திருப்பார்கள்?", "சம்பள உறையை முதலில் யார் கையில் கொடுப்பீர்கள்?" என்பன போன்ற கேள்விகளுக்கு மனிதர்கள் நின்று யோசிக்கிறார்கள். அந்த யோசனையை இடையில் புகுந்து கலைக்கக் கூடாது. பதில் முடிந்ததுபோலத் தோன்றியபின் சில வினாடிகள் காத்திருப்பது நேர்காணல் செய்பவரின் வேலையில் பாதி என்பேன். புகைப்படத்தைக் கையில் கொடுத்துப் பேசவைப்பது இதைவிடவும் பயன் தருகிறது. மானிடவியலாளர் ஜான் காலியர் 1957இல் ஆய்வுமுறையாகவே இதை எழுதிவைத்தார். 1994இல் தொடங்கிய ஷோவா அறக்கட்டளை, நாஜிகள் நடத்திய யூதப் பேரழிவிலிருந்து தப்பியவர்களின் சான்றுரைகளைப் பதிவு செய்தபோது, நேர்காணலின் முடிவில் அவர்களுடைய புகைப்படங்களையும் ஆவணங்களையும் கேமராவின் முன் காட்டி விளக்கச் செய்ததும் நினைவுகூரத்தக்கது. படத்தைப் பார்த்துப் பேசுபவரின் விரல் எந்த முகத்தின்மேல் நிற்கிறது என்பது தெரிய வேண்டும் என்பதற்காக, மேலிருந்து புகைப்படத்தை மட்டும் காட்டும் இரண்டாவது கேமரா ஒன்றை வைத்திருந்தோம்.

ஆயினும் சில நினைவுகள் சொல்லில் இல்லை. நூல் நூற்கும் இயந்திரமான ரிங் பிரேமில், அறுந்த இழைகளை இணைக்கும் சைடர் வேலையைப் பல ஆண்டுகள் பார்த்த ஒரு மூதாட்டி, அறுந்த இழையை எப்படி இணைப்பார் என்று நாற்காலியில் அமர்ந்து சொன்னபோது இரண்டே வாக்கியங்களில் முடித்துவிட்டார். பயிற்சிக் கூடமொன்றில் இருந்த ஒரு பழைய பிரேமின் முன்னால், உரிய அனுமதியோடு, அவரை நிற்கவைத்தபோது கைகளே பேசத் தொடங்கின. இடது கையால், பாபினைத் தாங்கிச் சுழலும் தண்டான கதிரை நிறுத்தி, பாபினில் இழையின் நுனியைத் தேடி எடுத்து, டிராவலர் என்ற சிறு கொக்கியில் மாட்டி, மேலேயுள்ள வளையத்தின் வழியாகக் கொண்டுபோய், முன் உருளையிலிருந்து வழிந்துவரும் பஞ்சின்மேல் தொட்டும் தொடாமலும் வைத்துக் கதிரை விட்டார். முறுக்கு ஏறி இழை தானே பற்றிக்கொண்டது. "கை பாட்டுக்குச் செய்யும் தம்பி, கண்ணு அடுத்த அறுந்த இழையத் தேடிப் போயிடும்" என்றார். அவருடைய கண்கள் உண்மையில் அப்படித்தான் போயின. அருகிலிருந்து எடுத்த கைகள் ஒரு கேமராவிலும், முகமும் உடலும் மற்றொன்றிலும் பதிவாகின. இரண்டு கேமராக்களும் ஒரே நேரக்குறியீட்டில் (ஒவ்வொரு பிரேமுக்கும் பதிவாகும் நேர எண்ணில்) ஓடியதால், கை எதைச் செய்யும்போது கண் எங்கே இருந்தது என்பதை இப்போது பிரேம் பிரேமாகப் பார்க்க முடிகிறது. இந்தக் காட்சியைப் படத்தில் சுருக்கித்தான் வைத்திருக்கிறோம். காப்பகத்திலோ அவர் மீண்டும் மீண்டும் செய்துகாட்டியவை எல்லாம் வெட்டின்றி இருக்கின்றன.

நினைவும் ஆவணமும் முரண்படும் இடங்களில் என்ன செய்வது என்பதே எங்கள் குழுவில் நெடுநேரம் விவாதிக்கப்பட்டது. ஆலையின் சங்கு கடைசியாக ஊதிய நாளைப் பலரும் கதவடைப்பு அறிவிப்பு ஒட்டப்பட்ட நாளோடு சேர்த்தே சொன்னார்கள். ஆனால் வருகைப் பதிவேடும் கூலிச் சீட்டுகளும் அதற்குப் பின்னும் சில வாரங்கள் ஒரு பகுதி ஓடியதைக் காட்டின. இத்தாலியின் வாய்மொழி வரலாற்றறிஞர் அலெஸ்ஸாண்ட்ரோ போர்ட்டெல்லி ஆராய்ந்த ஒரு நிகழ்வு இங்கே வழிகாட்டியாக இருந்தது. டெர்னி நகரத்தின் எஃகாலைத் தொழிலாளி லூய்ஜி டிராஸ்டுல்லி 1949 மார்ச்சில், நேட்டோவில் இத்தாலி சேர்வதை எதிர்த்து நடந்த போராட்டத்தின்போது காவல்துறையோடு ஏற்பட்ட மோதலில் உயிரிழந்தார். ஆனால் பல தொழிலாளர்கள் அந்த இறப்பை 1953இல் நடந்த பெரும் ஆட்குறைப்பின்போது நேர்ந்ததாகவே நினைவுகூர்ந்தார்கள். அந்தத் தவறான தேதியைத் தள்ளிவிடாமல், ஆட்குறைப்பு அந்த மக்களுக்கு எத்தகைய காயமாக இருந்தது என்பதன் சான்றாகப் போர்ட்டெல்லி படித்தார். நாங்களும் அவ்வாறே முடிவு செய்தோம். பேச்சைத் திருத்தவில்லை, பேசியவர் தவறாகச் சொல்கிறார் என்ற தொனியில் படத்தில் அறிவிப்பும் வைக்கவில்லை. பதிவேட்டின் பக்கத்தை ஒரு காட்சியாக, தேதி தெரியும்படி, அந்தப் பேச்சுக்குப் பின்னால் வைத்தோம். பட்டியலில் இரண்டு தேதிகளும் ஒன்றையொன்று சுட்டியபடி இருக்கின்றன.

ஒப்புதலை ஒரே கையெழுத்தில் முடித்துக்கொள்ளவில்லை. படத்தில் பயன்படுத்தலாமா, காப்பகத்தில் வைக்கலாமா, இணையத்தில் ஏற்றலாமா, பெயரைச் சொல்லலாமா என்ற கேள்விகள் தனித்தனியானவை. ஒன்றுக்குச் சரி என்பவர் மற்றொன்றுக்கு வேண்டாம் என்கிறார். எழுத்து தெரியாதவர்களிடம் கேமராவின் முன்னாலேயே படித்துக்காட்டி விடை பெற்றோம். மேலும், வெட்டிய படத்தை முதலில் பார்க்க வேண்டியவர்கள் பேசியவர்களே என்பதில் உறுதியாக இருந்தோம். கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்துக்காகக் காலின் லோ 1967இல் ஃபோகோ தீவில் எடுத்த படங்கள், முதலில் அந்தத் தீவு மக்களுக்கே திரையிடப்பட்டன. பேசியவர்கள் ஏற்றுக்கொண்ட பிறகுதான் வெளியே சென்றன. மீன்பிடித்துப் பிழைத்த, தனித்தனியாகச் சிதறியிருந்த ஊர்கள் ஒன்றின் பேச்சை மற்றொன்று கேட்டதே அங்கே பெரிய விளைவாக அமைந்தது. எங்கள் திரையிடலிலும் அதன் ஒரு கீற்றைக் கண்டோம்: மேஸ்திரிகளைப் பற்றிப் பதிலித் தொழிலாளர்கள் (வராதவர்களுக்குப் பதிலாக வேலை செய்பவர்கள்) சொன்னதை, ஓய்வுபெற்ற மேஸ்திரி ஒருவர் கடைசிவரை அமைதியாகப் பார்த்துவிட்டு, தன் பக்கத்தையும் பதிவு செய்யுமாறு கேட்டார். ஓர் அம்மா, தம் தங்கையைப் பற்றிச் சொன்ன பகுதியை எடுத்துவிடச் சொன்னார். படத்திலிருந்து அதை உடனே நீக்கினோம். காப்பகப் பிரதியில் அந்தப் பகுதியை அவருடைய வாழ்நாள் முழுதும் யாரும் கேட்க முடியாதவாறு பூட்டிவைக்க அவர் சம்மதித்தார். அழித்துவிடச் சொல்லியிருந்தால் அழித்திருப்போம்.

பட்டியலிடுவதுதான் மிக நீண்ட வேலை, யாரும் பாராட்டாத வேலையும்கூட. பேச்சை எழுத்தாக்கும் தானியங்கி மென்பொருள்களை முயன்று பார்த்ததில், நிதானமாகப் பேசுபவர்களுக்கு அவை ஓரளவு உதவின. வட்டார வழக்கிலும் ஆலைச் சொற்களிலும் தடுமாறின. ஆகவே ஒவ்வொரு பதிவுக்கும் ஓர் அட்டவணை தயாரித்தோம்: நேரக்குறியீடு, பேச்சின் பொருள் ஒரே வரியில், குறிப்பிடப்படும் இடம், ஆட்கள், ஆண்டு, அந்த நேரத்தில் காட்டப்பட்ட புகைப்படத்தின் எண். பேசியவரின் பேரப்பிள்ளைகள் இந்த வேலையில் அமர்ந்தபோது, நாங்கள் கேட்டும் புரியாத தெருப்பெயர்களும் பட்டப்பெயர்களும் விளங்கின. சொல்லுக்குச் சொல் எழுதுவதற்கு நேரமில்லாத குழுக்கள் இந்த அட்டவணையையாவது செய்துவிட வேண்டும்.

தொகுப்பில் சில கட்டுப்பாடுகளை வைத்துக்கொண்டோம். பழைய நாடாக் காட்சிகளை அவற்றின் 4:3 வடிவிலேயே, இருபுறமும் கறுப்பு விட்டு வைத்தோம். அகலத் திரைக்காக இழுத்தால் மனிதர்கள் பருத்துத் தெரிவார்கள், மேலும் கீழும் வெட்டினால் தலையோ காலோ போய்விடும். காட்சியின் மூலமும் ஆண்டும் திரையின் மூலையில் எழுதப்பட்டிருக்கும். எந்த நிகழ்வுக்கும் வேறொரு நிகழ்வின் காட்சியை நிரப்பவில்லை, பொருத்தமாகத் தோன்றினாலும்கூட. வருங்காலத்தில் இந்தப் படத்தையே சான்றாக எடுத்துக்கொள்பவர்களை அது வழிதவறச் செய்யும். பேச்சின் அடியில் இசை இல்லை.

முடிந்த கோப்புகள் அனைத்துக்கும், அவற்றின் உள்ளடக்கத்திலிருந்தே கணக்கிடப்படும் ஷா-256 (SHA-256) சரிபார்ப்பு எண்களைக் கணக்கிட்டு, கோப்புகளையும் அந்த எண்களின் பட்டியலையும் ஒன்றாக வைக்கும் பேக்இட் (BagIt) முறைப்படி கோப்புறைகளாகக் கட்டினோம். ஒரு பிட் மாறினாலும் அடுத்த சோதனையில் தெரிந்துவிடும். மூன்று பிரதிகள், இரண்டு வகை ஊடகங்கள், ஒன்று வேறிடத்தில் என்ற வழக்கமான விதிப்படி, இரண்டு வன்தட்டுகளிலும் கணினித் தரவைச் சேமிக்கும் ஒரு எல்டிஓ (LTO) காந்த நாடாவிலும் வைத்திருக்கிறோம். குடியிருப்பின் வாசகசாலையில் உள்ள வன்தட்டில் காப்பகக் கோப்புகளோடு, சாதாரணக் கணினியில் உடனே ஓடக்கூடிய சிறிய பிரதிகளும், அச்சிட்ட பட்டியலும் இருக்கின்றன. ஆண்டுக்கு ஒருமுறை எண்களைச் சரிபார்க்கும் பொறுப்பை வாசகசாலைக் குழு எழுத்து மூலம் ஏற்றுக்கொண்டது.

படம் திரையிடப்பட்டபின் வாசகசாலைக்கு வருபவர்களில் பலர் படத்தைக் கேட்பதில்லை. தம் தந்தையோ பாட்டியோ பேசிய முழுப் பதிவையே கேட்கிறார்கள். சிலர் பட்டியலைப் புரட்டி, பேச்சில் தற்செயலாக வந்துபோன ஓர் உறவினரின் பெயரைக் கண்டுபிடித்து, அந்த நிமிடத்தை மட்டும் கேட்டுவிட்டுப் போகிறார்கள். அதனால் இப்போது பழைய அட்டவணைகளுக்குத் திரும்பி, வீட்டு வரிசை எண்களையும் ஆட்களின் பட்டப்பெயர்களையும் தனி நிரல்களாகச் சேர்த்துவருகிறோம். பூஞ்சணம் பிடித்ததால் ஒதுக்கிவைத்த நாடாக்கள் அடுத்தபடியாக, அந்த வேலைக்கென்றே தனியாக வைத்திருக்கும் ஒரு கருவியில், நாடாவைத் துடைத்தபின் ஓட்டப்படும்.